பட்டறையைப் பூட்டாதீர்கள்: நான் படித்த பள்ளிக்கு ஒரு வெல்டரின் திறந்த மடல்

பள்ளி நிர்வாகக் குழுவினருக்கும், தலைமை ஆசிரியருக்கும், பெற்றோர் ஆசிரியர் கழகத்தினருக்கும்,

வரும் கல்வியாண்டிலிருந்து தொழிற்பயிற்சிப் பட்டறையை மூடிவிட்டு, அந்த இடத்தை நுழைவுத் தேர்வுப் பயிற்சிக் கூடமாக மாற்றப்போவதாக நீங்கள் பெற்றோருக்கு அனுப்பிய சுற்றறிக்கையை அக்கா எனக்குக் காட்டினார். அக்கா மகன் உங்களிடம்தான் பத்தாம் வகுப்பு படிக்கிறான். "பெற்றோரின் எதிர்பார்ப்புக்கு இணங்க" இந்த முடிவை எடுத்ததாக அதில் எழுதியிருக்கிறீர்கள். அதே வாரம் நடந்த மேற்படிப்பு வழிகாட்டிக் கூட்டத்துக்கு அக்காவால் போக முடியவில்லை, நான் போனேன். மேடையில் பேசிய ஆசிரியர், "இப்போது ஒழுங்காகப் படிக்கவில்லை என்றால் நாளைக்கு வெல்டிங் பட்டறையில் போய் நிற்க வேண்டியதுதான்" என்றார். அரங்கம் முழுக்கச் சிரிப்பு. பக்கத்தில் உட்கார்ந்திருந்த என் மருமகன் என் முகத்தைப் பார்க்காமல் தலையைக் குனிந்துகொண்டான்.

நான் வெல்டர். இதே பள்ளியில் படித்தவன். நீங்கள் மூடப்போகும் அந்தப் பட்டறையில்தான் முதன்முதலாக இரும்பைத் தொட்டேன்.

அந்த ஆசிரியர் யாரென்று இங்கே எழுத மாட்டேன். அவர் சொன்னது அவருடைய சொந்தச் சொல்லும் அல்ல. நான் படித்த காலத்திலும் அதைத்தான் சொன்னார்கள், இன்று எத்தனையோ பள்ளிகளில் அதைத்தான் சொல்கிறார்கள். ஆனால் ஒன்றை மட்டும் நேராகச் சொல்லிவிடுகிறேன். பெற்றோரின் எதிர்பார்ப்பு என்று நீங்கள் காரணம் காட்டுகிறீர்களே, அந்த எதிர்பார்ப்பில் பெரும்பங்கு பள்ளி ஊட்டி வளர்த்தது. கைத்தொழில் என்றால் தோற்றவன் போகும் இடம் என்று ஆண்டுக்கணக்காக மேடையில் சொல்லிவிட்டு, பெற்றோருக்கு அது வேண்டாமாம் என்று இன்றைக்குச் சுற்றறிக்கை அனுப்புவதை என்னால் ஏற்க முடியவில்லை.

அந்தப் பட்டறையில் என்ன நடந்தது என்று உங்களில் பலர் நேரில் பார்த்திருக்க வாய்ப்பில்லை. முதல் பருவம் முழுக்க எங்கள் கையில் கொடுத்தது ஓர் அரமும் உள்ளங்கை அளவு இரும்புத் துண்டும்தான். அதை வைஸ் என்ற இறுக்கிப் பிடிக்கும் கருவியில் மாட்டி, ஆறு முகங்களும் தட்டையாகவும் ஒன்றுக்கொன்று செங்குத்தாகவும் வரும்வரை அராவ வேண்டும். கேட்கச் சுலபம். அரத்தை முன்னால் தள்ளும்போது நம்மை அறியாமல் கை முதலில் ஒரு பக்கம் தாழும், முடிவில் மறுபக்கம் தாழும். அதனால் ஓரங்கள் தேய்ந்து முகத்தின் நடுவில் மேடு நிற்கும். பட்டறை ஆசிரியர் மூலைமட்டத்தை அந்த முகத்தின்மேல் வைத்து, ஜன்னல் வெளிச்சத்துக்கு எதிரே கண் மட்டத்தில் பிடிக்கச் சொல்வார். இடையில் மயிரிழை வெளிச்சம் தெரிந்தாலும் துண்டு மறுபடி வைஸுக்குப் போகும். வெளிச்சம் எந்த இடத்தில் கசிகிறது என்று பார்த்தே, உடம்பில் எங்கே பிசகு என்று சொல்லிவிடுவார். "தோளை ஆட்டாதே, இடுப்பிலிருந்து தள்ளு" என்று முதுகில் கை வைத்துக் காட்டுவார்.

வடிவியல் வகுப்பில் 90 டிகிரி என்பது மூலையில் போடும் ஒரு சின்னச் சதுரம். அதை உண்டாக்க என்ன பாடுபட வேண்டும், எவ்வளவு பிசகினால் எது கெடும் என்று எனக்குத் தெரியவந்தது அந்த வைஸ் முன்னால். வகுப்பில் முதலாவதாக வருபவனும் கடைசி வரிசைக்காரனும் அங்கே ஒன்றாக நின்று அராவினோம். யார் துண்டில் வெளிச்சம் கசியும் என்று மதிப்பெண் பட்டியலைப் பார்த்துச் சொல்லிவிட முடியாது. என் வகுப்பில் யாருடைய துண்டு முதலில் தேறியது தெரியுமா? தமிழ்ப் பாடத்தில் எழுத்துக்கூட்டித் திணறிக்கொண்டிருந்த ஒரு பையனுடையது. அன்றைக்கு அவன் நிமிர்ந்து நின்ற மாதிரி பள்ளியில் வேறு எங்கும் நின்று நான் பார்த்ததில்லை.

அந்தப் பட்டறையைத்தான் சில ஆண்டுகளில் தண்டனை இடமாக ஆக்கினீர்கள். கணக்கில் தேறாதவன், பாட நேரத்தில் பேசியவன், "இவனை வைத்துக்கொண்டு பாடம் நடத்த முடியாது" என்று பெயர் வாங்கியவன் ஆகியோரை மட்டும் அங்கே அனுப்பினீர்கள். நன்றாகப் படிக்கும் பிள்ளைகளுக்கு அந்தப் பாடவேளையைச் சிறப்பு வகுப்பாக மாற்றிக் கொடுத்தீர்கள். அப்புறம் எந்தத் தாய் தன் பிள்ளையை அங்கே விரும்பி அனுப்புவார்? விருப்பமாக வந்தவர்கள் குறைந்தார்கள், இயந்திரங்கள் துருப்பிடித்தன, பட்டறை ஆசிரியர் ஓய்வு பெற்ற பிறகு அந்த இடத்துக்கு ஆள் போடவில்லை. இப்போது "மாணவர் ஆர்வம் இல்லை" என்கிறீர்கள்.

என் அப்பாவைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டியிருக்கிறது, அவரைப் போன்றவர்களின் பெயரில்தான் இந்த முடிவு எடுக்கப்பட்டிருக்கிறது என்பதால்.

அப்பாவின் அப்பா மூட்டை தூக்கியவர். முதுகு வளைந்துபோய், நாற்பது தாண்டும் முன்பே நடக்கத் திணறியவர். அப்பா படித்தார், அலுவலகத்தில் குமாஸ்தா ஆனார். அவர் வீட்டில் அடிக்கடி சொன்ன வார்த்தை இது: "என் தோளில் மூட்டை ஏறாமல் காப்பாற்றியது படிப்பு. உன் கையில் மையைத் தவிர வேறெதுவும் படக் கூடாது." இதைச் சொன்ன மனிதரை நான் குறை சொல்ல மாட்டேன். அவர் பயந்தது உழைப்புக்கு அல்ல, உழைத்தவனை உலகம் நடத்திய விதத்துக்கு.

எனக்கு நல்ல மதிப்பெண் வந்தது. பொறியியல் என்று வீட்டில் முடிவாகியிருந்தது. நான் வெல்டிங் பழகுநராகச் சேரப் போகிறேன் என்றபோது அப்பா என்னை அடிக்கவில்லை, திட்டவில்லை. நேரே உங்கள் பள்ளிக்கு அழைத்து வந்தார். அவர் வாழ்க்கையில் எதையும் பள்ளியைக் கேட்டுத்தான் முடிவு செய்வார். அறையில் இருந்த ஆசிரியர்கள் என் மதிப்பெண் பட்டியலைப் பார்த்தார்கள். "இந்த மார்க்கை வைத்துக்கொண்டு இவன் பட்டறைக்குப் போனால் பள்ளிக்கே அசிங்கம், நீங்கள்தான் கண்டித்துச் சொல்ல வேண்டும்" என்றார்கள். ஏன் போக நினைக்கிறாய் என்று யாரும் என்னைக் கேட்கவில்லை. அந்தப் பயிற்சி எத்தனை ஆண்டு, அதில் என்னென்ன தேர்வுகள், தேறியவன் பிறகு எங்கெல்லாம் போகலாம், உடம்புக்கு என்ன ஆபத்து, அதற்கு என்ன காப்பு என்று அப்பாவுக்கு ஒரு வார்த்தை சொன்னவர் இல்லை. சொல்லக்கூடிய ஒருவர் இருந்தார். பட்டறை ஆசிரியர் வராந்தாவில் நின்றுகொண்டிருந்தார். அவரை யாரும் உள்ளே கூப்பிடவில்லை.

அப்பா பள்ளியை நம்பினார். அதன்பின் வெகுகாலம் எங்கள் இருவருக்கும் நடுவில் பேச்சில்லை. சோறு போட்டாயா, சட்டை எங்கே என்பதெல்லாம் அம்மா வழியாகத்தான் போய் வரும். பழகுநர் படிவத்தில் பெற்றோர் கையெழுத்து இடத்தில் அம்மா கையெழுத்துப் போட்டார். இன்று நான் அழுத்தக் குழாய்களில் வேலை செய்யும் அளவுக்குத் தேர்ச்சி பெற்று, எனக்குக் கீழே பயிற்சிக்கு வரும் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுக்கிறேன். அப்பா இப்போது பேசுகிறார், பாசமாகத்தான் இருக்கிறார். ஆனாலும் வெளியாள் யாராவது "பையன் என்ன பண்ணுகிறான்" என்று கேட்டால், "கம்பெனியில் இருக்கிறான்" என்பார். அதற்கு மேல் சொல்ல மாட்டார். பக்கத்தில் நின்று அதைக் கேட்கும் ஒவ்வொரு தடவையும் எனக்கு வலிக்கிறது. அந்தச் சொல் அவர் வாயில் அடைத்துக்கொண்டதற்கு உங்கள் அறையில் நடந்த அந்தப் பேச்சுக்குப் பங்கு உண்டு.

படிக்காதவன் போகும் இடம் என்றீர்களே, அங்கே என்ன படிக்க வேண்டியிருக்கிறது என்று சொல்கிறேன்.

வெல்டிங் ராடு பெட்டியின்மேல் 7018 என்று போட்டிருக்கும். பட்டறையில் எழுபது பதினெட்டு ராடு என்போம். முதல் இரண்டு இலக்கம், அந்த ராடு உருகிப் படியும் உலோகம் சதுர அங்குலத்துக்குக் குறைந்தது 70,000 பவுண்டு இழுவிசை தாங்கும் என்று சொல்கிறது. அடுத்த 1, எல்லா நிலைகளிலும், தலைக்கு மேலேகூட, வெல்டு ஓட்டலாம் என்பதற்கு. கடைசி இலக்கம் மேல்பூச்சின் வகை. இந்தப் பூச்சுக்கு ஈரம் ஆகாது. பெட்டியைப் பிரித்தால் ராடை ஏறத்தாழ 120 டிகிரி செல்சியஸ் சூடுள்ள ஓவனில் வைத்து, வேண்டிய அளவு மட்டும் எடுக்க வேண்டும். ஏன் தெரியுமா? பூச்சு ஈரத்தை இழுத்துக்கொண்டால், ராடுக்கும் இரும்புக்கும் நடுவே எரியும் மின்பொறியான ஆர்க்கின் வெப்பத்தில் அந்த ஈரம் சிதைந்து ஹைட்ரஜன் உருகிய இரும்புக்குள் இறங்கும். வெல்டு முடியும், கசடைத் தட்டியெடுத்தால் பளபளவென்று இருக்கும், பார்த்தவர்கள் மெச்சுவார்கள். சில மணி நேரம் கழித்தோ, ஓரிரு நாள் கழித்தோ உள்ளே விரிசல் விடும். அதனால்தான் முக்கியமான இணைப்புகளை வெல்டு முடிந்து 48 மணி நேரம் விட்டுப் பரிசோதிக்கும் வழக்கம் இருக்கிறது. வேதியியல் புத்தகத்தில் ஒரு வரியாக நீங்கள் நடத்தும் ஹைட்ரஜனை எங்கள் தொழிலில் நாள்தோறும் கையில் வைத்துக்கொண்டு நிற்கிறோம்.

ஒரு குழாய்வழி 500 மில்லிமீட்டர் பக்கவாட்டில் விலகி, 45 டிகிரிச் சாய்வில் போக வேண்டும் என்று வைத்துக்கொள்ளுங்கள். சாய்வின் நீளம் மையத்துக்கு மையம் 707 மில்லிமீட்டர். 500ஐ 1.414ஆல் பெருக்க வேண்டும், பிறகு இரண்டு வளைவுத் துண்டுகளுக்கும் உரிய அளவைக் கழிக்க வேண்டும். பைப் ஃபிட்டர் யாரைக் கேட்டாலும் தூக்கத்தில்கூட 1.414 என்பார். அது இரண்டின் வர்க்கமூலம். உங்கள் ஒன்பதாம் வகுப்புப் பிள்ளைகள் "இது எதற்கு சார் உதவும்" என்று கேட்டுக்கொண்டே மனப்பாடம் செய்கிறார்களே, அதே எண். பட்டறை திறந்திருந்தால் அந்தக் கேள்விக்குக் கணக்காசிரியர் வாயால் பதில் சொல்லிக் களைக்க வேண்டியதில்லை, பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு கீழே வந்தால் போதும்.

குழாய் வெல்டருக்கு 6ஜி என்று ஒரு தேர்வு உண்டு. குழாயை 45 டிகிரி சாய்த்து அசையாமல் பூட்டிவிடுவார்கள். குழாயைத் திருப்பக் கூடாது, நாம்தான் அதைச் சுற்றிவர வேண்டும். ஒரே இணைப்பில் கீழிருந்து மேலே பார்த்து ஓட்டும் இடமும் வரும், பக்கவாட்டில் ஓட்டும் இடமும் வரும், உருகிய உலோகம் ஒவ்வோர் இடத்திலும் ஒவ்வொரு பக்கம் வழியப் பார்க்கும். முடித்ததை வெட்டி, வளைத்துப் பார்ப்பார்கள், அல்லது எக்ஸ்ரே எடுப்பார்கள். எக்ஸ்ரே படத்தில் அனுமதித்த அளவுக்கு மேல் குறை தெரிந்தால் தேர்ச்சி இல்லை. அங்கே சலுகை மதிப்பெண் கிடையாது, தெரிந்தவர் சிபாரிசும் எடுபடாது.

எடுபடக் கூடாது என்பதற்கு வரலாறு இருக்கிறது. 1980 மார்ச் 27 அன்று வட கடலில், எண்ணெய்வயல் தொழிலாளர்கள் தங்கியிருந்த 'அலெக்சாண்டர் கீலாண்ட்' என்ற நார்வே நாட்டு மிதவை மேடை கவிழ்ந்தது. அதிலிருந்த 212 பேரில் 123 பேர் இறந்தார்கள். விசாரணையில் தெரிந்தது என்ன? மேடையைத் தாங்கும் குறுக்குக் குழாய் ஒன்றில் ஒலியுணர் கருவி ஒன்றைப் பொருத்துவதற்காகப் போட்ட 6 மில்லிமீட்டர் ஃபில்லெட் வெல்டிலிருந்து, அதாவது இரண்டு பரப்புகள் சேரும் மூலையில் போடும் வெல்டிலிருந்து, விரிசல் கிளம்பியிருக்கிறது. பாரம் தாங்கும் வெல்டுகூட அல்ல அது. விரிசலுக்குள் பெயிண்ட் படிந்திருந்தது. அப்படியென்றால் மேடையைக் கட்டிப் பெயிண்ட் அடித்தபோதே அந்த விரிசல் அங்கே இருந்திருக்கிறது. நான் புதிதாக வரும் பிள்ளைகளுக்கு முதல் வாரத்திலேயே இதைச் சொல்லிவிடுவேன். படிப்பு ஏறாதவன், கவனம் இல்லாதவன், வேறு வழியில்லாதவன் என்று சலித்து ஒதுக்கியவர்களை மட்டும் இந்த வேலைக்கு அனுப்புகிறீர்களே, அவர்கள் வெல்டு செய்த கொதிகலனுக்குப் பக்கத்தில் நிற்கப்போவது யார், பாலத்தின்மேல் போகப்போவது யார் என்று ஒரு நிமிடம் நினைத்துப் பார்த்தீர்களா?

பெற்றோர் ஆசிரியர் கழகத்தில் இருக்கும் தாய் தந்தையருக்குத் தனியாகச் சொல்ல வேண்டியதும் உண்டு. உங்கள் பயத்தை நான் அலட்சியம் செய்யவில்லை. இந்தத் தொழிலில் ஆபத்து இல்லை என்று சொன்னால் அது பொய். ஆர்க்கைக் கண்ணாடியில்லாமல் பார்த்தவனுக்கு அன்று இரவு கண்ணில் மணல் கொட்டிய எரிச்சல் வரும், புற ஊதாக் கதிர் கருவிழியைச் சுட்டிருக்கும். துத்தநாகப் பூச்சுள்ள இரும்பைக் காற்றோட்டம் இல்லாத இடத்தில் வெல்டு செய்தால் மாலையில் குளிரும் காய்ச்சலும் வரும். உலக சுகாதார நிறுவனத்தைச் சேர்ந்த புற்றுநோய் ஆய்வு முகமை 2017இல் வெல்டிங் புகையை, மனிதருக்குப் புற்றுநோய் உண்டாக்கும் என்று உறுதியானவற்றின் பட்டியலில் சேர்த்துவிட்டது. கழுத்தும் முழங்காலும் வயதாக ஆகக் கணக்குக் கேட்கும். இவ்வளவும் உண்மை.

இதற்கெல்லாம் காப்பு உண்டு என்பதும் உண்மை. புகையை உறிஞ்சும் குழாய், சரியான முகமூடி, சரியான எண்ணுள்ள கண்ணாடி, வேலைக்கு முன் பூச்சைச் சுரண்டியெடுப்பது, மூடிய தொட்டிக்குள் தனியாக இறங்காமல் இருப்பது. இவற்றை முதலிலேயே கற்றவனுக்கு அது பழக்கம். எந்தப் பயிற்சியும் இல்லாமல், வேறு போக்கிடம் இல்லை என்று ஏதோ ஒரு மூலைப் பட்டறையில் சேர்ந்தவனுக்குக் கூலிங் கிளாஸ்தான் காப்பு. நான் பார்த்த காயங்களில் பெரும்பாலானவை அப்படி வந்தவர்களுக்குப் பட்டவை. ஆகையால் பிள்ளையின் உடம்பைப் பற்றிக் கவலைப்படும் தாய் கேட்க வேண்டியது நல்ல பயிற்சியை. பள்ளிப் பட்டறையை மூடினால் பிள்ளைகள் தொழிலுக்குப் போவது நின்றுவிடாது. தெரியாமல் போவார்கள், அவ்வளவுதான்.

வருமானத்தைப் பற்றியும் மிகைப்படுத்திச் சொல்ல மாட்டேன். கையில் திறமை ஏறும்வரை முதல் சில ஆண்டுகள் இறுக்கம்தான். பிறகு எவ்வளவு என்பது இடத்தையும் திறமையையும் பொறுத்தது. எல்லாரும் செழித்துவிடுவதில்லை. பட்டம் வாங்கிய எல்லாரும் செழித்துவிடுவதும் இல்லை. எங்கள் பட்டறைக்கு வரும் பழகுநர்களில் பொறியியல் பட்டத்தை முடித்துவிட்டு வருபவர்கள் உண்டு, பாதியில் விட்டு வருபவர்களும் உண்டு. பதினேழு வயதிலேயே வந்திருக்கலாமே என்று கேட்டால், "வீட்டில் விடவில்லை அண்ணா" என்பார்கள். கடன் ஒரு பக்கம், இத்தனை ஆண்டு போய்விட்டதே என்ற குறை ஒரு பக்கம், தன்னைவிடச் சின்னவனிடம் பழக வேண்டியிருக்கிறதே என்ற கூச்சம் ஒரு பக்கம். கையில் நல்ல வேலைத்திறன் இருந்தும் அந்தக் கூச்சத்தாலேயே நிலைக்காமல் போனவர்களைப் பார்த்திருக்கிறேன். பட்டப்படிப்பு வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. அதை விரும்பாத பிள்ளையை அதற்குள் தள்ளி, விரும்பிய கதவை வெட்கத்தால் சாத்தி வைப்பதைத்தான் வேண்டாம் என்கிறேன்.

இந்த இடத்தில் உங்களில் சிலருக்கு வரக்கூடிய ஆட்சேபம் எனக்குத் தெரியும், அது நியாயமானதும்கூட. தகப்பன் செய்த தொழிலைத்தான் மகனும் செய்ய வேண்டும் என்று பிறப்பைக் காட்டிக் கட்டிப்போட்ட காலம் இருந்தது. அந்தக் கட்டை அறுத்தது பள்ளிக்கூடம். என் தாத்தாவின் மூட்டை அப்பாவின் தோளுக்கு வராமல் தடுத்ததும் அதுதான். கைத்தொழிலைப் புகழ்ந்து பேசியே ஏழைப் பிள்ளையைப் பட்டறைக்கும் வசதியான பிள்ளையைப் பட்டத்துக்கும் பிரித்து அனுப்பும் தந்திரத்துக்கு நான் துணைபோக மாட்டேன். நான் கேட்பது அதற்கு நேர் எதிரானது. யார் வீட்டுப் பிள்ளையாக இருந்தாலும், முதல் மதிப்பெண் வாங்கியவனாக இருந்தாலும், வாங்கியவளாக இருந்தாலும் பட்டறையைத் தொட்டுப் பார்க்கட்டும். தொட்டபின் வேண்டாம் என்றால் வேண்டாம். பிறப்பு முடிவு செய்வதும் தப்பு, மதிப்பெண் முடிவு செய்வதும் தப்பு. இப்போது நீங்கள் நடத்துவது இரண்டாவது.

தொழிலுக்குப் போனவனுக்கு மேலே படிக்கும் வழி அடைபட்டுவிடும் என்ற பயத்தையும் தீர்க்க முடியும். சுவிட்சர்லாந்தில் கட்டாயப் பள்ளிப்படிப்பு முடித்த பிள்ளைகளில் ஏறத்தாழ மூன்றில் இரண்டு பங்கினர் தொழிற்பயிற்சி வழியைத்தான் எடுக்கிறார்கள். வாரத்தில் சில நாள் வேலையிடம், மீதி நாள் தொழிற்பள்ளி. அதிலிருந்து உயர்கல்விக்குப் போகவும் வழி வைத்திருக்கிறார்கள். ஜெர்மனியில் கைத்தொழிலில் மைஸ்டர் என்ற தொழில் வல்லுநர் தேர்வு முடித்தவருடைய தகுதியை, படிப்புகளையும் தொழில் தேர்வுகளையும் நிலைவாரியாக அடுக்கும் அந்நாட்டின் தகுதிச் சட்டகத்தில் இளநிலைப் பட்டத்துக்குச் சமமான ஆறாம் நிலையில் வைத்திருக்கிறார்கள். அந்த நாடுகளைப் போலவே செய்யுங்கள் என்று நான் கேட்கவில்லை. அங்கே தொழில் நிறுவனங்களும் அரசும் சேர்ந்து செலவைத் தாங்குகின்றன, ஒரு பள்ளியால் அது ஆகாது. ஆனால் படிப்பும் கைவேலையும் ஒன்றையொன்று அண்டவிடாத இரண்டு உலகங்கள் என்று பிள்ளைகளிடம் சொல்வது உண்மையல்ல என்பதற்கு இதற்கு மேல் சாட்சி வேண்டியதில்லை.

நுழைவுத் தேர்வுப் பயிற்சியை நான் எதிர்க்கவில்லை. அதற்கு வேண்டியது நாற்காலியும் கரும்பலகையும். மாலை நேரத்தில் எந்த வகுப்பறையிலும் நடத்தலாம். வைஸும் பெஞ்சும் மின்னிணைப்பும் காற்றோட்டமும் உள்ள பட்டறையை ஒருமுறை கலைத்தால் மறுபடி அமைக்க முடியாது. இந்த எளிய கணக்கைக்கூட யாரும் கூட்டத்தில் எழுப்பவில்லை என்பது எனக்கு வருத்தம்.

நான் உங்களிடம் கேட்பவை இவை.

பட்டறையை மூடும் முடிவை நிறுத்தி வையுங்கள். பெற்றோரின் எதிர்பார்ப்பு என்று எழுதியிருக்கிறீர்கள். அப்படியானால் பட்டறையைத் திறந்து காட்டிவிட்டு, பெற்றோரிடம் வெளிப்படையாகக் கேளுங்கள். பிள்ளைகளிடமும் கேளுங்கள், அவர்களை இதுவரை யாரும் கேட்கவில்லை.

மதிப்பெண் குறைந்தவர்களையும் ஒழுங்கு தவறியவர்களையும் மட்டும் பட்டறைக்கு அனுப்பும் வழக்கத்தை இந்த ஆண்டோடு முடித்துவிடுங்கள். ஒன்பதாம் வகுப்பில் ஆண், பெண் எல்லாருக்கும் குறைந்தது ஒரு பருவம் பட்டறைப் பாடம் இருக்கட்டும். காலியாகக் கிடக்கும் பட்டறை ஆசிரியர் பணியிடத்தை நிரப்புங்கள். நிரம்பும்வரை வாரம் ஒரு நாள் நான் வந்து சொல்லிக்கொடுக்கத் தயார், ஊதியம் வேண்டாம். என்னோடு வேலை செய்யும் ஃபிட்டரும் எலக்ட்ரீசியனும் வருவதாகச் சொல்லியிருக்கிறார்கள். ஆனால் பாதுகாப்புக் கண்ணாடியும் புகை உறிஞ்சியும் பள்ளி வாங்கித்தர வேண்டும். அவை இல்லாமல் ஒரு பிள்ளையைக்கூட ஆர்க் அருகே நிறுத்த மாட்டேன்.

வழிகாட்டிக் கூட்டத்தில் மருத்துவரையும் பொறியாளரையும் உட்கார வைப்பதுபோல, தேர்ச்சி பெற்ற தொழிலாளர்களையும் மேடையில் உட்கார வையுங்கள். அவர்கள் தொழிலின் பலனையும் ஆபத்தையும் ஒளிக்காமல் சொல்லட்டும், பெற்றோர் கேள்வி கேட்கட்டும். அந்தக் கூட்டத்தில் நீங்கள் கொடுத்த விருப்பப் படிவத்தில் தொழிற்பயிற்சிக்கு ஒரு கட்டம்கூட இல்லை, "மற்றவை" என்று கடைசியில் ஒரு கோடு போட்டிருந்தது. அதை மாற்றுங்கள். நுழைவாயில் பலகையில் முன்னாள் மாணவர் பெயர்களை எழுதுகிறீர்களே, அதில் தொழில் தேர்வில் தேறியவர்களின் பெயர்களையும் சேருங்கள்.

ஒரு பிள்ளை கைத்தொழிலுக்குப் போக விரும்புகிறேன் என்று பெற்றோரோடு உங்கள் அறைக்கு வந்தால், கண்டிக்கச் சொல்லி அனுப்பாதீர்கள். முதலில் அந்தப் பிள்ளையிடம் ஏன் என்று கேளுங்கள். பிறகு, தொழில் தெரிந்த ஒருவரை அந்த அறைக்குள் கூப்பிட்டு உட்கார வைத்துவிட்டுப் பேசுங்கள்.

அன்று மேடையில் சொன்ன வார்த்தையை, வரும் பெற்றோர் கூட்டத்தில் அதே மேடையில் பள்ளியின் பெயரால் திரும்பப் பெறுங்கள். அரங்கில் இருந்த பிள்ளைகளில் வெல்டரின் மகன் இருந்திருக்கலாம், கொத்தனாரின் மகள் இருந்திருக்கலாம். அவர்கள் வீட்டுக்குப் போய் அப்பாவின் முகத்தை எப்படிப் பார்த்திருப்பார்கள் என்று யோசியுங்கள்.

அடுத்த ஆண்டுக்கான சேர்க்கைப் படிவம் அச்சுக்குப் போகும் முன் இந்த மடலுக்கு எழுத்தில் பதில் தாருங்கள். பதிலை எனக்கு மட்டும் அனுப்ப வேண்டாம். சுற்றறிக்கையை யாருக்கெல்லாம் அனுப்பினீர்களோ அவர்கள் அனைவருக்கும் அனுப்புங்கள்.

இப்படிக்கு,
உங்கள் பள்ளியின் முன்னாள் மாணவன், ஒரு வெல்டர்